பிடியும் நழுவலும்: எஞ்சின் முதல் லிஃப்ட் வரை புல்லியின் வேலை

எஞ்சினில் பெட்ரோலோ டீசலோ எரிந்து பிறக்கும் சுழற்சி முழுவதும் காரின் சக்கரங்களுக்குப் போய்விடுவதில்லை. அதில் ஒரு பங்கு எஞ்சினின் முகப்பிலேயே பிரிந்துவிடுகிறது. தண்ணீர் பம்பைச் சுழற்றுவதும், பேட்டரிக்கு மின்சாரம் ஏற்றுவதும், ஏசி கம்ப்ரஸரை ஓட்டுவதும், பல கார்களில் வால்வுகளை உரிய கணத்தில் திறந்து மூடுவதும் அந்தப் பங்குதான். இந்தப் பங்கீட்டைச் செய்பவை சில புல்லிகளும் அவற்றைச் சுற்றி ஓடும் ரப்பர் பெல்ட்டுகளும். கிணற்றங்கரைக் கப்பி, மாவு மில்லின் பெரிய இரும்புச் சக்கரம், லிஃப்ட் அறையில் கம்பி வடத்தைத் தாங்கும் உருளை எல்லாம் இதே குடும்பத்தைச் சேர்ந்தவை.

பள்ளிப் பாடம் கப்பியை ‘எளிய இயந்திரம்’ என்ற தலைப்பில் ஒரு பக்கத்தில் முடித்துவிடும். விசையின் திசையை மாற்றும், பளுவை எளிதாக்கும் என்பதோடு சரி. ஆனால் இயந்திரம் கட்டுபவர்கள் புல்லியிடம் கேட்டுவரும் கேள்வி வேறு. அதன் மேல் ஓடும் கயிறோ பெல்ட்டோ எங்கே இறுகப் பிடிக்க வேண்டும், எங்கே நழுவ வேண்டும்? தட்டை பெல்ட், வி-பெல்ட், பல் பெல்ட், ஒருவழிப் புல்லி, விட்டம் மாறும் புல்லி என்று வந்த ஒவ்வொன்றும் இந்தக் கேள்விக்குக் கிடைத்த ஒரு விடை. அப்படிப் பார்த்தால்தான் புல்லி ஏன் இத்தனை வடிவம் எடுத்தது என்பதும், அது கெடும்போது எங்கே பார்க்க வேண்டும் என்பதும் விளங்கும்.

தூக்குவதிலிருந்து சுழற்றுவதற்கு

கப்பியின் முதல் வேலை தூக்குவது. கிணற்றின் மேல் நிலையாக நிற்கும் ஒற்றைக் கப்பி பளுவைக் குறைப்பதில்லை. மேல்நோக்கி இழுக்க வேண்டியதைக் கீழ்நோக்கி இழுக்க விடுகிறது, அவ்வளவே. உடல் எடையையும் சேர்த்து இழுக்க முடிவதால்தான் வேலை எளிதாகத் தோன்றுகிறது. பளுவோடு சேர்ந்து நகரும் கப்பி வந்தால்தான் விசை குறையும். பளுவை நான்கு கயிற்றுப் பிரிவுகள் தாங்கினால் கால் பங்கு விசை போதும்; ஆனால் ஒரு மீட்டர் உயர்த்த நான்கு மீட்டர் கயிறு இழுக்க வேண்டும். கப்பித் தொகுதி ஒன்றால் ஆர்க்கிமிடீஸ் தனியாளாக ஒரு கப்பலையே நகர்த்தினார் என்று புளூட்டார்க் எழுதிவைத்திருக்கிறார். அலெக்சாந்திரியாவின் ஹீரோ, பளு நகர்த்தும் ஐந்து அடிப்படைக் கருவிகளில் கப்பியையும் சேர்த்தார்.

பாய்மரக் கப்பல்களின் காலத்தில் கப்பியின் தேவை எண்ணிப் பார்க்க முடியாத அளவுக்கு ஏறியது. 74 பீரங்கிகள் கொண்ட ஒரு போர்க்கப்பலுக்கு மட்டும் ஏறக்குறைய ஆயிரம் கப்பிகள் வேண்டும். பிரிட்டிஷ் கடற்படைக்கு ஆண்டுதோறும் தேவைப்பட்டவை ஒரு லட்சம். அவற்றைக் கையால் செதுக்கி மாளவில்லை. மார்க் இசம்பார்ட் புரூனல் வரைந்த இயந்திரங்களை ஹென்றி மாட்ஸ்லே செய்துகொடுக்க, போர்ட்ஸ்மவுத் கப்பல் துறையில் கப்பி ஆலை எழுந்தது. 1808இல் அது 1,30,000 கப்பிகளைச் செய்துதந்தது. தேர்ந்த கைவினைஞர் 110 பேர் செய்த வேலையைப் பயிற்சி இல்லாத 10 பேர் செய்தார்கள். உலோக இயந்திரங்களால் ஒரே மாதிரிப் பொருளைப் பெருமளவில் உற்பத்தி செய்த முதல் ஆலைகளில் ஒன்றாக வரலாறு இதைக் குறிக்கிறது. அந்தப் பெருமைக்குக் காரணமான சரக்கு கப்பி.

அதே நூற்றாண்டில் கப்பிக்கு இரண்டாவது வேலை வந்து சேர்ந்தது. ஆலையின் ஒரு மூலையில் நீராவி எஞ்சின். கூரையோரம் நெடுகிலும் ஒரு நீண்ட இரும்புத் தண்டு. தண்டில் வரிசையாகப் புல்லிகள். ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு தோல் பெல்ட் கீழே இறங்கி ஒரு தறியையோ கடைசல் இயந்திரத்தையோ ஓட்டும். ஒரே எஞ்சினின் சுழற்சி நூறு இயந்திரங்களுக்குப் பிரியும். புல்லியின் விட்டத்தை மாற்றினால் போதும், ஒவ்வொரு இயந்திரத்துக்கும் அதற்கேற்ற வேகம். மின் மோட்டார் மலிவாகி இயந்திரத்துக்கு ஒன்று என்று வந்த பிறகுதான் கூரைத் தண்டு கீழே இறங்கியது. ஆனால் ஒரே எஞ்சின், பல கருவிகள், நடுவே புல்லியும் பெல்ட்டும் என்ற அந்த அமைப்பு காணாமல் போகவில்லை. சிறு உருவில் அது இன்றைக்கும் கார் எஞ்சினின் முகப்பில் ஓடிக்கொண்டிருக்கிறது.

உராய்வின் கணக்கு

பெல்ட் புல்லியைச் சுழற்றுவது உராய்வால். ஓடும் பெல்ட்டின் ஒரு பக்கம் இறுக்கமாகவும் மறுபக்கம் தளர்வாகவும் இருக்கும். இரண்டு பக்க இழுவைக்கும் உள்ள வித்தியாசம்தான் புல்லியைத் திருப்பும் விசை. அந்த வித்தியாசம் எவ்வளவு வரை போகலாம் என்ற கணக்கை 18ஆம் நூற்றாண்டில் ஆய்லர் போட்டுவைத்தார். உராய்வுக் கெழு, பெல்ட் புல்லியைத் தழுவும் கோணம் ஆகிய இரண்டும்தான் அதை முடிவுசெய்கின்றன. கோணம் கூடக்கூடப் பிடி கூட்டல் கணக்கில் ஏறாது, பெருக்கல் கணக்கில் ஏறும். உராய்வுக் கெழு 0.3 என்று கொண்டால், புல்லியை அரைச்சுற்று தழுவும் தட்டை பெல்ட்டில் இறுக்கப் பக்கத்தின் இழுவை தளர்வுப் பக்கத்தைப் போல் ஏறத்தாழ 2.6 மடங்கு வரை போகலாம். அதற்கு மேல் போனால் நழுவும்.

தட்டை பெல்ட்டுக்கான புல்லியின் முகம் சமதளமாக இருப்பதில்லை. நடுவில் மிக லேசாக மேடிட்டிருக்கும். மேட்டிலிருந்து பெல்ட் வழுக்கி விழுந்துவிடும் என்றுதான் எவருக்கும் தோன்றும். நடப்பது நேர்மாறு. ஓடும் பெல்ட் விட்டம் கூடிய பக்கத்தை நோக்கியே ஏறிச்செல்லும். அதனால் மேடான நடுவில் தானாக வந்து நிலைக்கும்.

தட்டை பெல்ட்டின் நழுவலை மில்காரர்கள் ஒரு வசதியாகவே பயன்படுத்தினார்கள். தண்டோடு இறுகிய ஒரு புல்லி, பக்கத்திலேயே தண்டின் மேல் சும்மா சுழலும் லூஸ் புல்லி. எஞ்சினை நிறுத்தாமலே பெல்ட்டை லூஸ் புல்லிக்குத் தள்ளிவிட்டால் அரவை நின்றுவிடும்; திருப்பித் தள்ளினால் ஓடும். கிளட்ச் செய்யும் வேலையை இரண்டு சக்கரங்களும் ஒரு தள்ளுகோலும் செய்தன.

ஆனால் தட்டை பெல்ட் இடத்தை அடைக்கும். போதிய பிடிக்குப் பெரிய புல்லியும் மிகுந்த இழுவையும் வேண்டும். காருக்குள் அதற்கெல்லாம் இடமில்லை. 1917இல் அமெரிக்காவின் டென்வரில் ஜான் கேட்ஸ் உருவாக்கிய ரப்பர் வி-பெல்ட் இதற்கு வழி காட்டியது. ஆப்பு வடிவப் பெல்ட், சாய்ந்த சுவர்கள் கொண்ட பள்ளத்தில் இறங்குகிறது. இழுவை ஏற ஏறப் பெல்ட் இரு சுவர்களுக்கு இடையே இன்னும் இறுகுகிறது. 38 டிகிரி பள்ளத்தில் அதே 0.3 கெழுவும் அதே அரைச்சுற்றும் இருந்தால், 2.6 மடங்கு என்றிருந்த எல்லை கணக்கின்படி 18 மடங்காகிறது. கைக்கு அடக்கமான சிறு புல்லியும் ஒரு குதிரைத்திறனைச் சளைக்காமல் கடத்த முடிந்தது இதனால்தான்.

பிடி முழுவதும் பக்கச் சுவர்களில் இருக்கிறது என்பதால், நல்ல நிலையில் உள்ள வி-பெல்ட் பள்ளத்தின் அடியைத் தொடக் கூடாது. புல்லியின் பள்ளத்து அடி பளபளவென்று மின்னினால் பெல்ட் அடியில் உட்கார்ந்து ஓடுகிறது, ஆப்பின் பிடி போய்விட்டது என்று பொருள். அனுபவப்பட்ட மெக்கானிக் பெல்ட்டைப் பார்க்கும் முன் இந்தப் பளபளப்பைப் பார்ப்பார்.

எஞ்சின் முகப்பில்

அம்பாசிடர் காரில் இந்த ஏற்பாடு எளிமையாக இருந்தது. கிராங்க்ஷாஃப்டின் முனையில் ஒரு புல்லி, தண்ணீர் பம்பும் ஃபேனும் சேர்ந்த தண்டில் ஒன்று, டைனமோவில் ஒன்று. மூன்றையும் சுற்றி ஒரே ஃபேன் பெல்ட். டைனமோவை அதன் தாங்கியில் வெளிப்பக்கம் நெம்பி, போல்ட்டை முடுக்கினால் பெல்ட் இறுகும். நடுவில் கட்டைவிரலால் அழுத்தி, எவ்வளவு உள்ளே போகிறது என்று பார்ப்பதுதான் அளவு.

பிறகு பவர் ஸ்டீயரிங் வந்தது, ஏசி வந்தது. ஒவ்வொன்றுக்கும் ஒரு பெல்ட் என்று எஞ்சின் முகப்பு நெருக்கடியானது. 1979ஆம் ஆண்டு ஃபோர்டு மஸ்டாங்கில் வந்த பாம்பு போல் வளைந்தோடும் ஒற்றைப் பெல்ட் இதை மாற்றியது. உள்முகத்தில் நீளவாக்கில் பல சிறு வி-வரிகள், முதுகு தட்டை. வரிகள் பள்ளம் கொண்ட புல்லிகளை ஓட்ட, முதுகுப்புறம் மொழுக்கைப் புல்லிகளை ஓட்டும். ஒரே பெல்ட் இருபுறமும் வேலை செய்வதால் எல்லாக் கருவியையும் ஒரே ஓட்டத்தில் இணைக்க முடிந்தது.

இந்த ஓட்டத்தில் ஒவ்வொரு புல்லிக்கும் தனிக் குணம் உண்டு. கிராங்க் புல்லி வெறும் சக்கரம் இல்லை. பெரும்பாலான எஞ்சின்களில் அது உள்வளையம், வெளிவளையம், நடுவே ரப்பர் என்று மூன்று அடுக்கு. ஒவ்வொரு சிலிண்டரிலும் எரிபொருள் வெடிக்கும்போது கிராங்க்ஷாஃப்ட் நுண்ணிய அளவில் முறுக்கிக்கொண்டு திரும்புகிறது. அந்த அதிர்வு ஒரு குறிப்பிட்ட வேகத்தில் பெருகினால் தண்டே உடையலாம். ரப்பரும் வெளிவளையத்தின் எடையும் சேர்ந்து அதிர்வை அடக்குகின்றன. ரப்பர் பழையதாகிப் பிரிந்தால் வெளிவளையம் தனியே நழுவும். அதன் விளிம்பில் உள்ள டைமிங் குறியும் இடம் மாறிவிடும். அதை நம்பி எஞ்சினை ட்யூன் செய்பவர் தவறான இடத்துக்குப் போவார்.

பேட்டரிக்கு மின்சாரம் ஏற்றும் ஆல்டர்னேட்டரின் புல்லி மிகச் சிறியது. கிராங்க் புல்லி 150 மி.மீ., ஆல்டர்னேட்டர் புல்லி 55 மி.மீ. விட்டம் என்று வைத்துக்கொள்வோம். எஞ்சின் நிமிடத்துக்கு 800 சுற்றில் சும்மா ஓடும்போதே ஆல்டர்னேட்டர் 2,180 சுற்று ஓடும். சிக்னலில் நிற்கும்போதும் விளக்கும் ஏசி விசிறியும் மங்காமல் இருப்பதற்கு இந்த விகிதமே காரணம். ஆனால் இதற்கு ஒரு விலை உண்டு. நான்கு சிலிண்டர் எஞ்சினில் கிராங்க்ஷாஃப்ட் ஒவ்வொரு சுற்றிலும் இரண்டு முறை வேகமெடுத்து இரண்டு முறை தளர்கிறது. ஆல்டர்னேட்டரின் கனத்த ரோட்டரோ ஒரே வேகத்தில் ஓடவே பார்க்கும். வேகத்தை மாற்ற விடாத அதன் தடை கிராங்க்ஷாஃப்ட்டுக்குத் தெரியும்போது விகிதத்தின் இருமடிக்கு, இந்த எடுத்துக்காட்டில் ஏழு மடங்குக்கும் மேல் பெருகிவிடும். நடுவில் மாட்டிக்கொண்டு அடிபடுவது பெல்ட்.

ஒருவழிப் புல்லி இந்தச் சிக்கலுக்காகவே வந்தது. டீசல் கார்களில் அதிகம் காணலாம். எஞ்சின் வேகமெடுக்கும்போது அது பிடிக்கும். தளரும்போது பிடியை விட்டு ரோட்டரைத் தன்போக்கில் ஓட விடும். பெல்ட்டைக் கழற்றி, ரோட்டர் அசையாமல் பிடித்துக்கொண்டு புல்லியைக் கையால் திருப்பினால் ஒரு பக்கம் சுழல வேண்டும், மறுபக்கம் இறுக வேண்டும். இரு பக்கமும் இறுகினால் உள்ளே கெட்டுவிட்டது. இது தெரியாமல் டென்ஷனர் ஆடுகிறது, பெல்ட் துடிக்கிறது என்று அவற்றையே திரும்பத் திரும்ப மாற்றுவோர் உண்டு.

ஏசி கம்ப்ரஸர் புல்லி வேறு வகை. எஞ்சின் ஓடும்வரை அது தன் பேரிங்கின் மேல் சும்மா சுழன்றுகொண்டே இருக்கும். பொத்தானை அழுத்தியதும் கேட்கும் ‘டிக்’ ஒலி, மின்காந்தம் கிளட்ச் தட்டைப் புல்லியோடு ஒட்ட வைக்கும் ஒலி. அப்போதுதான் கம்ப்ரஸரின் தண்டு திரும்பும். மில்லின் லூஸ் புல்லி செய்த வேலையை இங்கே மின்காந்தம் செய்கிறது.

எதையுமே ஓட்டாத புல்லிகளும் உண்டு. ஐட்லர், பெல்ட்டின் பாதையை வளைத்துப் பக்கத்துப் புல்லியை அது தழுவும் கோணத்தைக் கூட்டுகிறது. ஆய்லரின் கணக்குப்படி கோணம் என்பது பிடி. ஸ்பிரிங் டென்ஷனர், பெல்ட் நீண்டாலும் சூட்டில் விரிந்தாலும் இழுவையைக் காக்கிறது. அது எப்போதும் தளர்வுப் பக்கத்தில், அதாவது பெல்ட் கிராங்க் புல்லியை விட்டு வெளியேறும் பக்கத்தில் இருக்கும். இறுக்கப் பக்கத்தில் வைத்தால் ஒவ்வொரு இழுப்பிலும் ஸ்பிரிங் பணிந்துபோகும்.

ஒரு பல்லும் தவறக் கூடாத இடம்

இதுவரை சொன்ன பெல்ட்டுகள் நூற்றில் ஒரு பங்கு நழுவினால் ஒன்றும் குடிமுழுகிப்போகாது. டைமிங் பெல்ட்டின் கதை வேறு. கிராங்க்ஷாஃப்ட் இரண்டு சுற்று சுற்றும்போது வால்வுகளைத் திறக்கும் கேம்ஷாஃப்ட் சரியாக ஒரு சுற்று சுற்ற வேண்டும். அதனால் கேம் புல்லியில் கிராங்க் புல்லியைப் போல இருமடங்கு பற்கள். பல் பெல்ட்டில் உராய்வுக்கு வேலையே இல்லை. பல்லும் பள்ளமும் கோத்துக்கொண்டு ஓடும். 1940களில் தையல் இயந்திரத்துக்காக உருவான இந்தப் பெல்ட், 1962இல் ஜெர்மனியின் கிளாஸ் 1004 காரில் பெருமளவு உற்பத்திக்கு வந்தது. நம் நாட்டில் மாருதி 800 இதைப் பரவலாக்கியது. சங்கிலியைவிட ஓசை குறைவு, எண்ணெய் வேண்டாம், எடையும் விலையும் குறைவு.

நழுவலுக்கு இங்கே மன்னிப்பு இல்லை. எஞ்சின் 3,000 சுற்றில் ஓடும்போது ஒவ்வொரு பிஸ்டனும் நொடிக்கு 50 முறை மேலே வருகிறது. பல எஞ்சின்களில் திறந்த வால்வும் உச்சியில் நிற்கும் பிஸ்டனும் ஒரே இடத்தைப் பங்கிடுகின்றன. நேரம் பிரித்து வைத்திருப்பதால் மட்டுமே அவை மோதுவதில்லை. பெல்ட் அறுந்தால் கேம்ஷாஃப்ட் நின்றுவிடும், பிஸ்டன் நிற்காது. அடுத்த சில சுற்றுக்குள் வால்வுகள் வளைந்துவிடும்.

பெல்ட் மாற்றும் வேலையைப் பார்த்தால் புல்லியின் துல்லியம் கண்ணுக்குத் தெரியும். முதல் சிலிண்டரின் பிஸ்டனை உச்சிக்குக் கொண்டுவந்து, கிராங்க் புல்லியின் குறியையும் கேம் புல்லியின் குறியையும் எஞ்சின் உடலில் உள்ள குறிகளோடு நேராக்க வேண்டும். டென்ஷனரைத் தளர்த்திப் பழைய பெல்ட்டை எடுத்து, புதியதைக் கிராங்க்கில் தொடங்கி இறுக்கப் பக்கம் தொய்வில்லாமல் மேலே ஏற்றி, மிச்சத் தொய்வை டென்ஷனர் பக்கம் சேர்த்து இறுக்க வேண்டும். அதோடு வேலை முடியாது. ஸ்பேனரால் கிராங்க்ஷாஃப்டைக் கையாலேயே மெதுவாக முழுதாக இரண்டு சுற்று சுற்றி, குறிகள் திரும்ப நேர்கோட்டில் வருகின்றனவா என்று பார்க்க வேண்டும். இரண்டு சுற்று ஏன் என்றால், அப்போதுதான் கேம்ஷாஃப்ட் ஒரு சுற்றை முடித்திருக்கும். ஒரு பல் தவறியிருந்தால் இங்கே பிடிபடும். பிடிபடாமல் ஸ்டார்ட் செய்தால் எஞ்சின் காட்டிக்கொடுக்கும், பெரும் செலவோடு.

இந்தப் பெல்ட்டை எஞ்சின் எண்ணெயிலேயே நனைந்து ஓடவிடும் முயற்சியும் நடந்தது. ஃபோர்டின் 1.0 லிட்டர் எக்கோபூஸ்ட் அப்படி வந்த எஞ்சின்களில் ஒன்று. உராய்வு இழப்பு குறைந்தது உண்மை. ஆனால் எரிபொருள் கலந்த எண்ணெயிலும் பொருந்தாத எண்ணெயிலும் ரப்பர் ஊறிச் சிதையும். உதிரும் துகள் எண்ணெய் உறிஞ்சும் சல்லடையை அடைக்கும். ஃபோர்டே பின்னர் அந்த எஞ்சினின் டைமிங்கைச் சங்கிலிக்கு மாற்றியது. எந்தப் பெல்ட்டும் தான் ஓடும் சூழலுக்கு ஏற்பத்தான் உழைக்கும் என்பதற்கு இது பாடம்.

விட்டம் மாறும் புல்லி

இரண்டு புல்லிகளின் விட்டம்தான் வேக விகிதம் என்றால், ஓடும்போதே விட்டத்தை மாற்ற முடிந்தால் கியரே வேண்டாமே? நெதர்லாந்தின் ஹுப் வான் டோர்னே 1958இல் டாஃப் 600 காரில் இதைச் செய்துகாட்டினார். புல்லியின் இரு பக்கச் சுவர்களும் ஒன்றையொன்று நெருங்கினால் பெல்ட் வெளிவிளிம்புக்கு ஏறும், விலகினால் உள்ளே இறங்கும். பிறகு ரப்பருக்குப் பதிலாக நூற்றுக்கணக்கான எஃகுத் துண்டுகள் கோத்த பெல்ட் வந்தது. இழுப்பதற்குப் பதில் தள்ளி விசை கடத்தும் விந்தையான பெல்ட் அது. இன்றைய சிவிடி கார்களின் அடிப்படை அதுவே.

நம் தெருக்களில் இந்தப் புல்லியைக் காரைவிட ஸ்கூட்டரில்தான் அதிகம் பார்க்கலாம். 1984இல் வந்த கைனடிக் ஹோண்டா தொடங்கி இன்றைய ஆக்டிவா, ஜூபிடர் வரை எல்லாவற்றின் இடப்புற மூடிக்குள்ளும் இருப்பது இதுவே. முன்புல்லியின் நகரும் சுவருக்குப் பின்னால் சிறு உருளைகள் சரிவான பள்ளங்களில் கிடக்கும். எஞ்சின் வேகம் ஏற ஏற உருளைகள் வெளிப்பக்கம் வீசப்பட்டுச் சுவரைத் தள்ளும், பெல்ட் மேலேறும். பெல்ட்டின் நீளம் மாறாது என்பதால் பின்புல்லியின் ஸ்பிரிங் அமுங்கிச் சுவர்கள் விலகும். அங்கே பெல்ட் உள்ளே இறங்கும். கணினி இல்லை, எண்ணெய் அழுத்தம் இல்லை. உருளையின் எடையும் ஸ்பிரிங்கின் வலுவும் போடும் பேரமே கியர் மாற்றம். உருளை ஒரு பக்கம் தேய்ந்து தட்டையானால் வண்டி விக்கி விக்கி எடுக்கும். மாற்றும்போது சுவர் முகத்தில் கிரீஸ் பட்டுவிட்டால் பெல்ட் நழுவும். ஓட்டுபவருக்கு ‘பிக்கப் இல்லை’ என்று மட்டுமே தெரியும்.

மில், சுரங்கம், லிஃப்ட்

கோவையின் நூற்பாலையில் நழுவல் வேறு முகம் காட்டுகிறது. நூல் நூற்கும் ரிங் ஃபிரேமின் நடுத்தண்டில் உள்ள 250 மி.மீ. புல்லி நிமிடத்துக்கு 1,500 சுற்று ஓடுகிறது என்று கொள்வோம். மெல்லிய டேப் ஒன்று அதிலிருந்து கதிரின் அடியில் உள்ள 18.5 மி.மீ. புல்லியை ஓட்டினால், கதிரின் வேகம் 20,000 சுற்றைத் தாண்டும். வழக்கமாக ஒரு டேப் நான்கு கதிர்களை ஓட்டும். அது தளர்ந்து சற்றே நழுவினாலும் இயந்திரம் நிற்காது. ஆனால் அந்த நான்கு கதிர்களின் நூலில் மட்டும் முறுக்கு குறையும். வலுவிழந்த நூல் தறிக்குப் போய் அறுந்தபின்தான் தெரியவரும். அங்கே புல்லியின் பிடி என்பது துணியின் தரம்.

கோவையின் இன்னொரு படைப்பான வெட் கிரைண்டரிலும் புல்லியே நடுநாயகம். வேகமாகச் சுழலும் மோட்டாரின் சிறு புல்லியிலிருந்து பெரிய புல்லிக்குப் பெல்ட் போகும். வேகம் குறையும், திருப்புவலு கூடும். கல் மெதுவாகச் சுழன்றால்தான் மாவு சூடேறாது.

நெய்வேலிச் சுரங்கத்தில் மண்ணையும் நிலக்கரியையும் சுமக்கும் கன்வேயர்களில் புல்லி ஆள் உயரத்தை நெருங்கும். அத்தனை பெரிய பெல்ட்டும் உராய்வால்தான் நகர்கிறது. ஓட்டும் புல்லியின் மேல் ரப்பர் உறை போடுவது கெழுவைக் கூட்ட. அருகே ஒரு சிறு புல்லி வைத்துப் பெல்ட்டை அழுத்துவது தழுவும் கோணத்தைக் கூட்ட. ஆய்லரின் இரண்டு எண்களையும் இங்கே கையால் தொட்டுப் பார்க்கலாம்.

நழுவலே உயிர்காக்கும் இடம் லிஃப்ட். பெரும்பாலான லிஃப்ட்களில் கம்பி வடம் உருளையில் சுற்றிக் கட்டப்படுவதில்லை. பள்ளமுள்ள புல்லியின் மேல் போடப்பட்டு, ஒரு பக்கம் கூண்டும் மறுபக்கம் எதிரெடையும் தொங்கும். கூண்டின் எடையோடு அது சுமக்கக்கூடிய பளுவில் 40 முதல் 50 விழுக்காடு சேர்ந்தது எதிரெடை. கட்டுப்பாடு தவறி எதிரெடை கீழே தாங்கியில் உட்கார்ந்துவிட்டால் அந்தப் பக்கம் வடம் தளரும். இழுவை வித்தியாசம் எல்லை மீறும். மோட்டார் சுழன்றாலும் வடம் புல்லியில் நழுவும். கூண்டு கூரையில் போய் மோதாது. வடம் உருளையில் கட்டப்பட்டிருந்தால் இந்தக் காப்பு கிடைக்காது.

பெல்ட் மேல் விழும் பழி

பட்டறைகளில் நடக்கும் பெரிய அநியாயம், எல்லாக் கோளாறுக்கும் பெல்ட்டையே பொறுப்பாக்குவது. பெல்ட் அறுந்தது, பெல்ட் மாற்றினோம், மறுபடி அறுந்தது, கம்பெனி சரியில்லை. பெரும்பாலும் பெல்ட் தெரிவிப்பது தன் நோயை அல்ல, புல்லியின் நோயை. கோணலாக நிற்கும் புல்லி பெல்ட்டின் ஒரு விளிம்பைத் தின்னும். தேய்ந்த பள்ளம் புதுப் பெல்ட்டையும் சில மாதங்களில் வீணாக்கும். பேரிங் கடித்த ஐட்லர், பெல்ட்டைச் சுட்டுவிடும்.

ஒலியைக் கேட்டே பாதி கண்டுபிடிக்கலாம். வரிப் பெல்ட் ஓடும்போது அதன் வரிப்பக்கத்தில் லேசாகத் தண்ணீர் தெளியுங்கள். கீச்சொலி சில நொடி அடங்கித் திரும்ப வந்தால் புல்லிகள் நேர்கோட்டில் இல்லை. தெளித்த உடனே ஒலி பெருகினால் இழுவை போதவில்லை, டென்ஷனரைப் பாருங்கள். எந்தப் பொடியோ ஸ்பிரேயோ இவற்றைச் சரிசெய்யாது, சில நாள் மறைக்கும். நேர்கோடு பார்க்க, புல்லிகளின் முகத்தில் ஒரு நேர்ச்சட்டமோ இழுத்துப் பிடித்த நூலோ போதும். வி-பெல்ட்டுக்கு அரை டிகிரி வரை கோணலைப் பொறுக்கலாம். பல் பெல்ட்டுக்குக் கால் டிகிரி. வி-பள்ளத்தின் சுவர் 0.8 மி.மீ. அளவுக்குக் குழிந்துவிட்டால் புல்லியை மாற்றுவதே லாபம். பல பெல்ட்டுகள் சேர்ந்து ஓடும் புல்லியில் ஒன்று போனால் எல்லாவற்றையும் ஒன்றாக மாற்ற வேண்டும். இல்லையேல் நீண்டுபோன பழையவை சும்மா ஓட, புதியது மட்டும் பளுவைச் சுமந்து மாளும்.

வெடிப்பு விட்டிருக்கிறதா என்று மட்டும் பெல்ட்டைப் பார்ப்பதும் பழைய பழக்கம். நியோப்ரீன் பெல்ட் வெடிக்கும். இப்போதைய இபிடிஎம் ரப்பர் பெல்ட் வெடிக்காமலே டயர் போலத் தேயும். பார்வைக்குப் புதிதுபோல் இருக்கும். வரிகளின் பள்ளம் அகன்று பிடி போயிருக்கும். அளவுகோல் வைத்துத்தான் கண்டுபிடிக்க முடியும்.

பெல்ட் புல்லிக்குள் நுழையும் அந்த இடுக்கைப் பற்றியும் சொல்ல வேண்டும். 150 மி.மீ. புல்லி 1,440 சுற்றில் ஓடினால் பெல்ட் நொடிக்கு 11 மீட்டருக்கு மேல் ஓடுகிறது. துப்பட்டாவின் நுனியோ பின்னலோ அதில் சிக்கினால், பத்தில் ஒரு நொடிக்குள் ஒரு மீட்டர் உள்ளே போய்விடும். கையை எடுக்க யோசிக்கும் நேரம்கூட இல்லை. 1948ஆம் ஆண்டின் தொழிற்சாலைகள் சட்டம் இயந்திரங்களுக்குத் தடுப்பு வேண்டும் என்று விதித்தது. பெல்ட்டை லூஸ் புல்லிக்குத் தள்ளத் தனிக் கருவி வேண்டும் என்றும் வரையறுத்தது. கையால் தள்ளி விரலை இழந்தவர்களின் பின்னணி அந்தப் பிரிவுக்கு உண்டு. சிறு மாவு மில்லுக்கும் கரும்புச்சாறு கடைக்கும் எந்த ஆய்வாளரும் வராமல் போகலாம். ஒரு கம்பி வலைக் கூண்டின் செலவு, ஒரு கையின் விலையோடு ஒப்பிடத் தக்கதே அல்ல. கழற்றிய கூண்டைத் திரும்ப மாட்டாமல் இயந்திரத்தை ஓட்டக் கூடாது என்பதைத் தொழில் தர்மமாகவே கொள்ள வேண்டும்.

இனி

எஞ்சின் முகப்பிலிருந்து புல்லிகள் ஒவ்வொன்றாக விடைபெறத் தொடங்கிவிட்டன. பவர் ஸ்டீயரிங்கும் ஃபேனும் மின்சாரத்துக்கு மாறிவிட்டன. 2009இல் வந்த மூன்றாம் தலைமுறை டொயோட்டா பிரியஸ், தண்ணீர் பம்பையும் கம்ப்ரஸரையும் மின்சாரத்தில் ஓட்டி, முகப்புப் பெல்ட்டே இல்லாத எஞ்சினோடு வெளிவந்தது. மின்காரில் எஞ்சினே இல்லை.

ஆனால் ஒரு பக்கம் குறைந்தது இன்னொரு பக்கம் கூடிய கடமையோடு திரும்புகிறது. மாருதி சுசூகியின் ஸ்மார்ட் ஹைபிரிட் கார்களில் ஆல்டர்னேட்டரே மோட்டாராகவும் மாறி, சிக்னலில் நின்ற எஞ்சினை அதே பெல்ட்டால் திரும்ப ஓட்டி விடுகிறது. அந்தக் கணத்தில் இறுக்கப் பக்கம் தளர்வுப் பக்கமாகவும், தளர்வுப் பக்கம் இறுக்கப் பக்கமாகவும் இடம் மாறுகின்றன. டென்ஷனரைத் தளர்வுப் பக்கத்தில் வைக்க வேண்டும் என்ற பழைய விதி அங்கே போதவில்லை. இரு பக்கத்தையும் ஒருசேரத் தாங்கும் இரட்டைக்கை டென்ஷனர் இத்தகைய ஏற்பாடுகளுக்காகவே வந்தது. ஓசூரில் உற்பத்தியாகும் ஏத்தர் மின்ஸ்கூட்டர், மோட்டாரிலிருந்து பின்சக்கரத்துக்குப் பல் பெல்ட்டால் விசை கடத்துகிறது. அமைதியான வண்டிக்குச் சங்கிலியின் இரைச்சல் பொருந்தாது.

ஆக, எரிபொருள் மாறினாலும் சுழற்சியை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குக் கொண்டுபோகும் தேவை மாறப்போவதில்லை. அதற்கு ஒவ்வொரு முறையும் பொறியாளர் முடிவுசெய்ய வேண்டியது, இந்த இடத்தில் நழுவல் ஆபத்தா, காப்பா என்பதைத்தான். ஐடிஐ மாணவருக்குப் புல்லியைச் சொல்லித்தரும்போது இரண்டு விட்டங்களை வகுக்கும் கணக்கோடு நிறுத்தாமல் இந்தக் கேள்வியையும் சேர்த்துச் சொல்லித்தர வேண்டும். வண்டி வைத்திருப்பவர் செய்ய வேண்டியது இன்னும் எளிது. பெல்ட் மாற்றச் சொல்லும்போதே டென்ஷனர், ஐட்லர், புல்லிப் பள்ளம் மூன்றையும் பார்க்கச் சொல்லுங்கள். பெல்ட் இல்லாத அந்தப் பத்து நிமிடத்தில் ஒவ்வொரு புல்லியையும் கையால் சுழற்றிப் பாருங்கள். கரகரத்தால், ஆடினால், அடுத்த பெல்ட் அறுவதற்கான காரணம் உங்கள் கையிலேயே இருக்கிறது.